காலத்தைப் பூட்டி வைத்திருக்கும் கல்: சிர்கான் பற்றி ஓர் எளிய அறிமுகம்

மாயாஜாலக் கதைகளிலும் வீடியோ கேம்களிலும் ஒரு கல் அடிக்கடி வரும். எங்கோ ஒரு மலைக்குகையில் கொஞ்சமே கொஞ்சம் கிடைக்கும். அதைக் கையில் எடுத்தால் நேரம் நின்றுவிடும், இல்லையென்றால் பின்னோக்கி ஓடும். அந்தக் கல் யார் கைக்கும் வரப்போவதில்லை. ஆனால் காலத்தோடு நிஜமாகவே சம்பந்தம் உள்ள கனிமம் ஒன்று நம் காலடியில் கிடக்கிறது. தான் பிறந்து எவ்வளவு காலம் ஆகிறது என்பதைத் தனக்குள்ளே பதிந்து வைத்திருக்கும் கனிமம் அது. அந்தப் பதிவை வெப்பமோ வேறெதுவோ கலைத்துவிட்டால், கலைந்துபோனதையும், எப்போது கலைந்தது என்பதையும்கூட அதுவே காட்டிக்கொடுக்கும். இந்த இரண்டாவது குணம்தான் எனக்குக் கதைகளின் எந்த மந்திரத்தையும் விட வியப்பாக இருக்கிறது. இந்தக் கட்டுரையே அதை விளக்கத்தான்.

அதன் பெயர் சிர்கான். ஒரு சிர்கோனியம் அணு, ஒரு சிலிக்கான் அணு, நான்கு ஆக்சிஜன் அணுக்கள் என்ற விகிதத்தில் அமைந்த படிகம். நகைக்கடையில் அமெரிக்கன் டைமண்ட் என்று விற்கிறார்களே, அது இதுவல்ல. அது ஆலையில் தயாராகும் சிர்கோனியம் ஆக்சைடு. சிர்கான் பாறைக்குழம்பு குளிரும்போது பூமிக்குள் தானாக விளைவது. பெரும்பாலான சிர்கான் துகள்கள் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு, இரண்டு பங்கு அளவுதான் இருக்கும். நகையில் பதிக்கும் அளவுக்குப் பெரிதாக வளர்வது அபூர்வம். அப்படி வளர்ந்த இடங்களில் ஒன்று இலங்கை.

1789இல் மார்ட்டின் ஹைன்ரிக் கிளாப்ரோத் என்ற ஜெர்மன் வேதியியலாளர் இலங்கையிலிருந்து வந்த ஒரு சிர்கானை ஆராய்ந்தபோதுதான் சிர்கோனியம் என்ற தனிமம் இருப்பதே தெரியவந்தது. அதே ஆண்டில், வேறொரு தாதுவிலிருந்து, அதே கிளாப்ரோத் யுரேனியத்தையும் கண்டுபிடித்தார். இந்த இரண்டு தனிமங்களும் ஒரே படிகத்துக்குள் குடியிருக்கும், அந்தக் குடித்தனத்தை வைத்துப் பூமியின் வரலாற்றையே எழுதலாம் என்பதை அவர் கற்பனைகூடச் செய்திருக்க முடியாது. கதிரியக்கம் என்ற ஒன்று கண்டுபிடிக்கப்படவே இன்னும் நூறாண்டுக்கு மேல் பாக்கி இருந்தது.

நம் பக்கத்திலும் சிர்கான் உண்டு. கன்னியாகுமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் கருமணல் என்று சொல்கிறோமே, அதில் இல்மனைட், ரூட்டைல், மோனசைட், கார்னெட் ஆகியவற்றோடு சிர்கானும் கலந்திருக்கிறது. சாதாரண மணலைப் போல ஒன்றே முக்கால் மடங்கு அடர்த்தி இதற்கு. அலை வந்து திரும்பும்போது லேசான மணலை இழுத்துக்கொண்டு போகும், கனமானவை கரையிலேயே தங்கிவிடும். தாது மணல் என்றாலே நமக்குக் கொள்ளையும் வழக்குகளும்தான் நினைவுக்கு வருகின்றன. அந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த மணலில் கிடக்கும் ஒவ்வொரு சிர்கான் துகளிலும் பல கோடி ஆண்டுக் கணக்கு எழுதியிருக்கிறது என்பதையும் சேர்த்துத் தெரிந்துகொண்டால் அதன் மேல் மதிப்பு கூடும்.

கடிகாரம் எப்படி ஓடுகிறது?

சிர்கான் படிகம் உருவாகும்போது, சிர்கோனியம் உட்கார வேண்டிய சில இடங்களில் யுரேனியம் வந்து உட்கார்ந்துவிடும். இரண்டுக்கும் மின்னூட்டம் ஒன்று, அளவும் ஏறக்குறைய ஒத்துப்போகும். ஈயத்தின் கதை வேறு. அதன் மின்னூட்டம் பொருந்தாது, உடம்பும் பெரிசு. பஸ்ஸில் இரண்டு பேர் இருக்கையில் மூன்றாவது ஆள் இடித்துக்கொண்டு உட்காரப் பார்ப்பது போலத்தான், உட்கார விடமாட்டார்கள். அதனால் புதிதாகப் பிறந்த சிர்கானில் யுரேனியம் கொஞ்சம் இருக்கும், ஈயம் அநேகமாக இருக்கவே இருக்காது.

இப்போது நேரம் ஓடத் தொடங்குகிறது. யுரேனிய அணு நிலையானது அல்ல. அது படிப்படியாகச் சிதைந்து, ரேடியம், ரேடான் என்று பல வேஷங்கள் மாறி, கடைசியில் ஈயமாகி நின்றுவிடும். ஆக, பிறக்கும்போது ஈயமே இல்லாத படிகத்துக்குள் இன்று ஈயம் இருக்கிறது என்றால், அது உள்ளேயே பிறந்த ஈயம். மீதியிருக்கும் யுரேனியம் எவ்வளவு, சேர்ந்திருக்கும் ஈயம் எவ்வளவு என்று எண்ணினால் வயது கிடைத்துவிடும்.

எண்ணுவதற்கு ஒரு வேகம் தெரிய வேண்டும். அதைத்தான் அரை ஆயுள் என்கிறார்கள். யுரேனியத்தில் மிக அதிகமாக இருக்கும் வகையான யுரேனியம்-238இன் அரை ஆயுள் சுமார் 447 கோடி ஆண்டுகள். இன்று ஒரு லட்சம் அணுக்கள் இருந்தால், 447 கோடி ஆண்டுகள் கழித்து 50,000 மிஞ்சும். இன்னொரு 447 கோடி ஆண்டுகள் போனால் எல்லாம் தீர்ந்துவிடும் என்று நினைக்கத் தோன்றும். அப்படி இல்லை. மிச்சமுள்ளதில் பாதிதான் போகும், 25,000 அப்போதும் இருக்கும். எந்த அணு எப்போது சிதையும் என்று யாராலும் சொல்ல முடியாது. ஆனால் கூட்டமாகப் பார்த்தால் இந்த வேகம் மாறாது. சூடாக்கினாலும் அழுத்தினாலும் அமிலத்தில் போட்டாலும் அணுக்கரு தன் வேலையைத் தன் வேகத்திலேயே செய்யும்.

ஓர் உதாரணம் பார்ப்போம். ஒரு துகளில் 1,000 யுரேனியம்-238 அணுக்கள் மிச்சமிருக்கும்போது சுமார் 91 ஈய அணுக்கள் சேர்ந்திருந்தால் அதன் வயது ஏறக்குறைய 56 கோடி ஆண்டுகள். 979 ஈய அணுக்கள் இருந்தால் 440 கோடி ஆண்டுகள். அவ்வளவுதான் கணக்கு. ஆனால் இந்த விடையை எப்படி நம்புவது?

ஒரே துகளில் இரண்டு கடிகாரங்கள்

இங்கேதான் சிர்கான் மற்ற பல கனிமங்களை விட்டுத் தனித்து நிற்கிறது. இயற்கையில் யுரேனியம் ஒரே வகையில் கிடைப்பதில்லை. யுரேனியம்-238உடன் கொஞ்சம் யுரேனியம்-235உம் எப்போதும் கலந்தே இருக்கும். இன்றைய விகிதம் சுமார் 138க்கு ஒன்று. யுரேனியம்-238 முடிவில் ஈயம்-206 ஆகிறது. யுரேனியம்-235 முடிவில் ஈயம்-207 ஆகிறது. இரண்டாவதின் அரை ஆயுள் சுமார் 70 கோடி ஆண்டுகள்தான், அதாவது அது பல மடங்கு வேகமாக ஓடும் கடிகாரம்.

ஒரே படிகத்துக்குள், ஒரே நாளில் தொடங்கிய, வெவ்வேறு வேகத்தில் ஓடும் இரண்டு கடிகாரங்கள். இரண்டையும் தனித்தனியாகப் படித்து, இரண்டும் ஒரே வயதைச் சொன்னால் அந்த வயதை நம்பலாம்.

சொல்லாவிட்டால்? அப்போதுதான் கதை இன்னும் சுவாரசியமாகிறது.

யுரேனியம் சிதையும்போது அணுக்கரு வீசியெறியும் சிறு துண்டுகளான ஆல்பா துகள்களும், அந்த வீச்சில் பின்னால் உதைபடும் அணுக்கருவும் படிகத்தின் ஒழுங்கைக் கொஞ்சம் கொஞ்சமாக உடைக்கின்றன. யுரேனியம் அதிகமுள்ள துகள் காலப்போக்கில் உள்ளுக்குள் நொறுங்கிப்போகும். இலங்கையில் கிடைக்கும் சில பச்சை நிற சிர்கான்கள் இப்படி நொந்துபோனவைதான். நொறுங்கிய இடங்கள் வழியாக, பாறை பின்னாளில் சூடாகும்போதோ சூடான நீர் ஊடுருவும்போதோ, ஈயம் கசிந்து வெளியேறும். ஏற்கெனவே சொன்னபடி, அது படிகத்தோடு ஒட்டாத அணுதானே. ஈயம் குறைந்தால் கடிகாரம் குறைவான வயதைக் காட்டும். கதைகளில் வரும் காலம் மாற்றும் கல்லுக்கு மிக அருகில் வரும் நிகழ்ச்சி என்றால் இதைத்தான் சொல்வேன்.

250 கோடி ஆண்டுகளுக்கு முன் பிறந்த துகள் ஒன்று, 55 கோடி ஆண்டுகளுக்கு முன் பாறை சூடானபோது, தன்னிடம் சேர்ந்திருந்த ஈயத்தில் சரிபாதியை இழந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். இன்று அளந்தால் யுரேனியம்-238 கடிகாரம் சுமார் 160 கோடி என்று சொல்லும். யுரேனியம்-235 கடிகாரம் சுமார் 193 கோடி என்று சொல்லும். இரண்டுமே தவறு. ஆனால் இரண்டும் வேறு வேறு தவறைச் சொல்கின்றன. ஒரே ஒரு கடிகாரம் இருந்திருந்தால் 160 கோடி என்று எழுதிவைத்துவிட்டு நிம்மதியாகத் தூங்கப் போயிருப்போம்.

இதோடு முடிவதில்லை. அதே பாறையிலிருந்து இன்னும் பல துகள்களை எடுத்து அளக்கிறார்கள். ஒன்று ஈயத்தில் கால்வாசியை இழந்திருக்கும், ஒன்று முக்கால்வாசியை, இன்னொன்று கொஞ்சமே கொஞ்சம். ஈயம்-206உம் ஈயம்-207உம் வேதியியல்படி ஒரே ஈயம்தான். அதனால் வெளியேறும்போது இரண்டும் தம் விகிதம் கெடாமல் சேர்ந்தே வெளியேறும். இந்தக் காரணத்தால், ஒரு கடிகாரத்தின் அளவைக் கிடை அச்சிலும் மற்றதின் அளவை நெடு அச்சிலும் குறித்தால், ஈயம் இழந்த துகள்கள் எல்லாம் ஒரே நேர்கோட்டில் வரிசையாக அமையும். இரண்டு கடிகாரமும் ஒத்துப்போகும் புள்ளிகள் மட்டும் சேர்ந்த ஒரு வளைகோடும் அந்த வரைபடத்தில் இருக்கும். நேர்கோடு அந்த வளைகோட்டை இரண்டு இடங்களில் வெட்டும். மேலே வெட்டும் புள்ளி 250 கோடி, துகள்கள் பிறந்த காலம். கீழே வெட்டும் புள்ளி 55 கோடி, பாறை சூடான காலம்.

பொய் சொன்ன துகள்களையெல்லாம் ஒன்றுசேர்த்து, அவற்றிடமிருந்தே இரண்டு உண்மைகளை வாங்கிவிடலாம்! வளைகோட்டுக்குக் கான்கார்டியா என்று பெயர். 1956இல் ஜார்ஜ் வெதரில் என்ற அமெரிக்க விஞ்ஞானி இதைத் தெளிவாக வகுத்துக்கொடுத்தார். புவியியலில் இதைவிட அழகான வரைபடம் ஒன்றை நான் பார்த்ததில்லை. எல்லாப் பாறைகளும் இவ்வளவு ஒழுங்காக நடந்துகொள்ளாது. இரண்டு மூன்று முறை சூடான பாறைகளில் புள்ளிகள் சிதறிக் கிடக்கும், கோடு போடவே தடுமாற வேண்டியிருக்கும். அதனால் பின்னாளில் துகளின் நொறுங்கிய பகுதியை மட்டும் அகற்றும் வழிகளைத் தேடினார்கள். 1982இல் கனடாவின் டாம் கிரோ துகளின் மேற்புறத்தைத் தேய்த்து எடுத்துவிட்டு அளக்கும் முறையைக் கொண்டுவந்தார். 2005இல் ஜேம்ஸ் மேட்டின்சன், துகளை முதலில் நன்றாகச் சூடாக்கி, பிறகு அமிலத்தில் போட்டு, கெட்டுப்போன பகுதி மட்டும் கரைந்து போகும்படி செய்தார். எஞ்சுவது ஈயம் கசியாத, நம்பகமான பகுதி.

ஒரு துகளுக்குள்ளேயே பல வயதுகள் இருப்பதும் உண்டு. பழைய சிர்கான் புதிய பாறைக்குழம்பில் விழுந்தாலும் சுலபத்தில் கரையாது. அதன் மேலேயே புதிய அடுக்கு வளரும். மையத்துக்கு ஒரு வயது, ஓரத்துக்கு வேறு வயது. துகளைப் பாதியாகத் தேய்த்து, அதன் மேல் எலக்ட்ரான்களைப் பாய்ச்சினால் அடுக்குகள் ஒளிர்ந்து தெரியும். பிறகு லேசர் அல்லது அயனிக் கற்றையை வேண்டிய அடுக்கில் மட்டும் குறிவைத்து அளக்கலாம்.

இலங்கையின் பெரிய சிர்கான்களுக்கு ஆய்வுக்கூடங்களில் தனி மரியாதை உண்டு. சுமார் 56 கோடி வயதான அவற்றில் சில, உள்ளே எங்கு அளந்தாலும் ஒரே விடை தருபவை. அதனால் உலகின் பல ஆய்வகங்களில் கருவி சரியாக ஓடுகிறதா என்று பார்க்க, வயது தெரிந்த அளவுகோலாக இலங்கைச் சிர்கானையே வைக்கிறார்கள். தென்னிந்தியா, இலங்கை, மடகாஸ்கர், கிழக்கு அண்டார்டிகா எல்லாம் கோண்ட்வானா என்ற ஒரே பெருநிலமாக மோதி இணைந்துகொண்டிருந்த காலத்தைச் சேர்ந்தவை அவை. கன்னியாகுமரிப் பக்கத்துப் பாறைகளும் அதே காலத்துச் சூட்டின் தடத்தைச் சுமக்கின்றன.

ஈயத்தைத் தேடப் போய் ஈயத்திலேயே சிக்கியவர்

சிர்கானைப் பற்றிப் பேசும்போது கிளேர் பேட்டர்சனை விட்டுவிட முடியாது. 1948 வாக்கில் சிகாகோ பல்கலைக்கழகத்தில் அவருக்கும் ஜார்ஜ் டில்டனுக்கும் ஒரு வேலை கொடுக்கப்பட்டது. நுண்ணிய சிர்கான் துகள்களில் டில்டன் யுரேனியத்தை அளக்க வேண்டும், பேட்டர்சன் ஈயத்தை அளக்க வேண்டும். டில்டனின் அளவுகள் ஒருவழியாகச் சரியாகின. பேட்டர்சனின் ஈய அளவோ, இருக்க வேண்டியதைப் போலப் பல மடங்கு வந்துகொண்டே இருந்தது.

காரணம் துகளில் இல்லை. ஆய்வகத்தின் காற்றில், தூசியில், கண்ணாடிக் குடுவையில், தண்ணீரில், அவர் தலைமுடியில் எல்லாம் ஈயம். ஒவ்வொன்றாகத் தேடிக் களைந்தார். பிறகு கலிபோர்னியா தொழில்நுட்பக் கழகத்துக்குப் போனதும், தூசி நுழையாத தனி ஆய்வறை ஒன்றை அமைத்துக்கொண்டார். அந்தத் துப்புரவின் பலனாக, அரிசோனாவில் விழுந்த கேன்யன் டயாப்ளோ விண்கல்லின் ஈயத்தை அளந்து, பூமியின் வயது 455 கோடி ஆண்டுகள் என்று 1956இல் வெளியிட்டார். அந்த எண் இன்றுவரை பெரிதாக மாறவில்லை. அளந்தது விண்கல்லை என்றாலும், அவ்வளவு துல்லியமாக ஈயத்தை அளக்கும் கையைப் பழக்கியது சிர்கான்தான்.

அவர் அதோடு நிற்கவில்லை. இத்தனை ஈயம் எங்கிருந்து வந்தது? பெட்ரோலில் 1920களிலிருந்து கலக்கப்பட்டு வந்த ஈயச் சேர்மம் முக்கியமான காரணம் என்று கண்டார். 1965இல் அதைக் கட்டுரையாக எழுதினார். ஈயத் தொழில்துறையின் எதிர்ப்பைச் சந்தித்தும் பின்வாங்கவில்லை. உலகம் மெதுவாக ஈயம் இல்லாத பெட்ரோலுக்கு மாறியதில் அவர் பங்கு மிகப் பெரியது. இந்தியாவில் ஈயம் கலந்த பெட்ரோல் 2000ஆம் ஆண்டில் விடைபெற்றது. நம் குழந்தைகள் மூச்சில் ஈயம் குறைந்ததற்கு, ஒருவர் மணல் அளவு துகளின் வயதைச் சரியாக அளக்க அடம்பிடித்ததும் ஒரு காரணம். விஞ்ஞானிகளின் பெயரைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும்போது இவர் பெயரையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

எவ்வளவு பழையது?

மேற்கு ஆஸ்திரேலியாவில் ஜாக் ஹில்ஸ் என்ற வறண்ட குன்றுப் பகுதி இருக்கிறது. அங்குள்ள ஒரு கூழாங்கல் பாறை சுமார் 300 கோடி ஆண்டுகள் பழையது. அதற்குள் அகப்பட்ட சிர்கான் துகள்களில் சில, பாறையை விடவும் மிகப் பழையவை. 2001இல் அவற்றில் ஒன்றின் வயது 440 கோடி ஆண்டுகள் என்று அறிவித்தார்கள். அதைப் பெற்ற பாறை எப்போதோ அழிந்துபோயிற்று, துகள் மட்டும் ஆற்றில் உருண்டு, மணலில் புதைந்து, மறுபடி பாறையாகி, இன்று வெளியே வந்திருக்கிறது.

இங்கும் சந்தேகம் எழுந்தது. ஈயம் துகளுக்குள்ளேயே ஓரிடத்திலிருந்து நகர்ந்து இன்னோரிடத்தில் குவிந்தால், குவிந்த இடம் உண்மையை விட அதிக வயதைக் காட்டுமே? 2014இல் ஜான் வேலி குழுவினர் அணுக்களை ஒவ்வொன்றாக எண்ணும் கருவியைக் கொண்டு ஒரு துகளை ஆராய்ந்தார்கள். ஈயம் நகர்ந்தது உண்மைதான், ஆனால் சில பத்து நானோமீட்டர் தூரம் மட்டுமே. அயனிக் கற்றை படும் இடம் அதைவிடப் பல நூறு மடங்கு அகலமானது, அதனால் வயதைப் பாதிக்கவில்லை. அந்தத் துகளின் வயது சுமார் 437 கோடி ஆண்டுகள் என்று உறுதியானது. இந்தப் பழந்துகள்களில் உள்ள ஆக்சிஜன் இன்னொரு செய்தியையும் சொல்கிறது: அவை பிறந்த பாறைக்குழம்பு, அதற்கு முன்பே தண்ணீரோடு பழகிய பாறை உருகி வந்தது. அதாவது சுமார் 430 கோடி ஆண்டுகளுக்கு முன்பே பூமியின் மேல் தண்ணீர் இருந்திருக்கலாம்.

இந்தியாவிலும் இந்த வரிசையில் ஒரு துகள் உண்டு. ஒடிசாவின் சம்புவா பகுதிப் பாறையிலிருந்து எடுத்த சிர்கான்களில் 424 கோடி ஆண்டு வயதுடையது கிடைத்ததாக 2018இல் கட்டுரை வெளியானது.

எதற்கெல்லாம் உதவாது?

கீழடிக்குச் சிர்கான் உதவாது. அங்கே கரித்துண்டில் உள்ள கார்பன்-14ஐ அளக்கிறார்கள். அதன் அரை ஆயுள் 5,730 ஆண்டுகள், மனித வரலாற்றுக்கு ஏற்ற வேகம். சிர்கானின் கடிகாரங்களுக்குச் சில ஆயிரம் ஆண்டுகள் என்பது கண்ணில் படாத அளவு.

மணற்பாறையின் வயதையும் அது நேரடியாகச் சொல்லாது. மணற்பாறைக்குள் இருக்கும் சிர்கான், அந்த மணல் எங்கிருந்து வந்ததோ அந்தப் பழைய பாறையின் வயதைச் சொல்லும். டைனோசர் எலும்பையும் அப்படித்தான், நேராகக் கேட்க முடியாது. எலும்போ சிப்பியோ புதைந்த அடுக்குக்கு மேலேயும் கீழேயும் எரிமலைச் சாம்பல் படிந்திருந்தால் நம் அதிர்ஷ்டம். சாம்பலில் உள்ள சிர்கான் வெடிப்பையொட்டிப் பிறந்தது. இரண்டு சாம்பல் அடுக்குகளின் வயது தெரிந்தால், நடுவில் இருப்பது அந்த இடைவெளிக்குள் வந்துவிடும்.

இந்த வழியில் கிடைத்த விடைகளில் எனக்கு மிகவும் பிடித்தது சீனாவின் மெய்ஷான் விடை. பெர்மியன் காலத்தின் முடிவில் பூமியின் உயிரினங்களில் பெரும்பகுதி அழிந்தது. பூமி கண்ட மிகப் பெரிய அழிவு அது. மெய்ஷானில் அந்த அடுக்குகளுக்கு இடையே சாம்பல் படிந்திருக்கிறது. அதில் உள்ள சிர்கான்களை அளந்து, அழிவு 25.194 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி ஏறக்குறைய 60,000 ஆண்டுகளில் நடந்து முடிந்ததாக 2014இல் சொன்னார்கள். இந்த 60,000 என்ற கணக்கு முன்பின் 48,000 ஆண்டுகள் பிசகலாம் என்று அவர்களே சேர்த்துச் சொல்லியிருக்கிறார்கள். சைபீரியாவில் அப்போது பரந்த நிலப்பரப்பே மூழ்கும்படி எரிமலைக் குழம்பு பெருகியது, அதுதான் அழிவுக்குக் காரணம் என்று நெடுங்காலமாகச் சந்தேகித்து வந்தார்கள். ஆனால் எரிமலை முந்தியதா, அழிவு முந்தியதா? சைபீரியாவின் பாறைகளில் உள்ள படிகங்களையும் இதே யுரேனியம்-ஈயம் முறையில் அளந்த பிறகு, 2015இல் பதில் வந்தது: குழம்பு பெருகத் தொடங்கியது அழிவுக்குச் சுமார் 3 லட்சம் ஆண்டுகள் முன்பே.